பீரோ நின்ற சுவர்

மார்ச் 4, செவ்வாய்

கண் ஆஸ்பத்திரியில் சொட்டு மருந்து விட்டுக் கண்ணை மூடி உட்கார வைத்துவிட்டார்கள். பக்கத்து நாற்காலி அம்மாள் சும்மா இருக்காமல், "உங்களுக்குப் பேரன் பேத்தி இருக்காங்களா?" என்று கேட்டாள். என்னிடம் கேட்கலாமா? ஆரம்பித்துவிட்டேன். மகனுக்கு மூத்தவன் பாலம் கட்டும் கம்பெனியில் எஞ்சினியர், அவன் கையெழுத்துப் போடாமல் அங்கே ஒரு கம்பி நகராது. அடுத்தவன் பல் டாக்டருக்குப் படிக்கிறான், போன பரீட்சையில் வகுப்பிலேயே இரண்டாவது. முதலாவது வந்த பெண் அங்கே பாடம் நடத்துகிறவர் மகள், ஆகையால் இவன்தான் முதல் என்று வைத்துக்கொள்ளலாம். கடைக்குட்டி ஓட்டப்பந்தயத்தில் வெள்ளி வாங்கினாள், அதுவும் சுளுக்கிய காலோடு. "அப்புறம் என் பெண் வயித்துப் பேத்தி ஒருத்தி" என்று நான் எடுத்ததும் நர்ஸ் அந்த அம்மாளைக் கூப்பிட்டுவிட்டாள். விட்டால் போதும் என்று தடவிக்கொண்டே ஓடினாள். மீதியை யாரிடம் சொல்ல? இங்கே எழுதுகிறேன்.

பேத்தி சினிமா எடுக்கிறாள். "நடிக்கிறாளா?" என்பார்கள். இல்லை, நடிக்கிறவர்களை நிற்க வைத்து, இப்படித் திரும்பு, அப்படிப் பார் என்று சொல்கிறவள். பின்னால் முதலாளி என்று யாரும் கிடையாது. கதையும் அவளே எழுதுவாள். அந்தக் கதை நடக்கிற வீடு எப்படி இருக்கும், திரைச்சீலை என்ன நிறம், மேசையில் எந்த டம்ளர் இருக்கும் என்று அவளே வரைவாள், வரைந்தபடி அவளே கையால் செய்தும் வைப்பாள். பஸ்ஸுக்குக் காத்திருக்கிற ஒரு கிழவரைப் பற்றிய போன படத்துக்கு வெளிநாட்டில் பரிசு. அஞ்சாவதோடு படிப்பை நிறுத்தினவள் நான், என் வம்சத்தில் இப்படி ஒருத்தி! சின்ன வயதில் சுவர் ஒன்று விடாமல் கிறுக்குவாள் என்று அவள் அம்மா வைத்த பெயர் கிறுக்கி. இன்றைக்கும் வீட்டில் அதே பெயர்தான்.

எழுத வந்த விஷயமே இனிமேல்தான். மாலையில் கிறுக்கியே போன் செய்தாள். அடுத்த படத்தை நம் வீட்டில் எடுக்கப் போகிறாளாம். அவள் அம்மா படுத்திருந்த அறையில்.

என் பெண் போய் மூன்றாவது வருஷம் நடக்கிறது. போனதிலிருந்து இவள் அந்த அறைக்குள் காலை வைக்கவில்லை. எப்போதாவது வந்தால் கூடத்தில் உட்காருவாள், டீ குடிப்பாள், பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது என்பாள். அப்பன் என்கிறவன் அவள் குழந்தையாக இருக்கும்போதே வேறு குடும்பம் தேடிக்கொண்டு போனவன். இருப்பது நானும் அவள் மாமனும்தான். இந்தத் தடவை வந்தவளைப் பழையபடி நம் வீட்டுப் பெண்ணாக்கிவிட வேண்டும். வேறு ஆசை எனக்கு இல்லை.

மார்ச் 8, சனி

வந்துவிட்டாள். துணிப் பை ஒன்று, சுருட்டிய காகிதங்கள் ஒரு கட்டு. அறை வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டு ரொம்ப நேரம் நின்றாள். நான் அடுப்பங்கரையிலிருந்து பார்த்துக்கொண்டிருந்தேன், கூப்பிடவில்லை. பிறகு உள்ளே போனாள்.

"பெயிண்ட் அடிச்சிட்டீங்களே பாட்டி" என்றாள்.

"பின்னே? நோயில கிடந்த ரூமு. அப்படியே விட்டா மனசு தாங்குமா?" அவள் அம்மா போன அடுத்த மாதமே பச்சை அடிக்கச் சொல்லிவிட்டேன். அதற்கு முன்னாலேயே கட்டிலைக் கொடுத்துவிட்டு, பாத்ரூம் கதவுப் பக்கம் பெரிய பீரோவைக் கொண்டுவந்து வைத்துவிட்டேன்.

காகிதத்தை விரித்தாள். அந்த அறை! பழைய அறை அப்படியே. மருந்து மேசை, முனை உடைந்த கண்ணாடி, ஒரு கொக்கி விட்டுப்போய்த் தொங்குகிற திரைச்சீலை. அந்தக் கொக்கி எனக்கே நினைவில்லை. எந்நேரமும் அம்மாவின் பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தவள், அத்தனையையும் கண்ணில் ஏற்றி வைத்திருக்கிறாள்.

சாப்பிடும்போது, "கதை என்னடி?" என்று கேட்டேன்.

"ஒரு அம்மா கட்டில்லேருந்து பாத்ரூம் வரைக்கும் நடந்து போறாங்க."

"அப்புறம்?"

"திரும்பி வர்றாங்க."

"இதை யாரு காசு கொடுத்துப் பாப்பா?"

மருமகள் பேசாமல் இருப்பாளா? "அப்ப இன்டர்வெல் பாத்ரூம்லயா?" என்றாள். கிறுக்கிக்குக் கூட உதட்டோரம் ஆடியது.

மார்ச் 12, புதன்

காலையிலிருந்து அழுக்கு தயாராகிறது. டீத்தூளைக் கொதிக்க வைத்து வடிகட்டி, அதில் கரித்தூளும் பசையும் கலந்து, பஞ்சால் தொட்டுத் தொட்டு ஒற்றுகிறாள். சுவிட்சுப் பலகையில் விரல் பட்ட கறை, கதவில் தோள் உரசிய கறை, ஜன்னல் கட்டையில் டம்ளர் வைத்த வட்டம். எல்லாம் பொய். ஆனால் அழுக்குக்குக் கூட வித்தியாசம் தெரியாது.

சந்தைக்குப் போய் வந்த நான், கதவில் கை வைத்த இடம் கறுத்திருக்கிறதே என்று ஈரத்துணியால் ஒரு இழுப்பு இழுத்துவிட்டேன். போச்சு! மருமகள் அலறினாள். கிறுக்கி ஓடிவந்து பார்த்தாள். பார்த்துவிட்டுச் சிரித்தாளே ஒரு சிரிப்பு, சுவரைப் பிடித்துக்கொண்டு, வயிற்றைப் பிடித்துக்கொண்டு.

"ஒரு முழு மத்தியானம் பாட்டி, அந்தக் கறை!"

"பாவி, சொல்லக் கூடாதா?"

"பரவால்ல. கலவை ரெடியா இருக்கு, அரை மணி நேரத்துல மறுபடி போட்டுடறேன். இனிமே அழுக்கைப் பார்த்தா எங்கிட்ட ஒரு வார்த்தை கேட்டுட்டு துடைங்க."

இந்த வீட்டில் அவள் சிரிப்பைக் கேட்டு எவ்வளவு காலமாயிற்று. இதற்காகவே இன்னொரு கறையைத் துடைக்கலாம் போலிருந்தது.

மார்ச் 15, சனி

மறுபடி கண் ஆஸ்பத்திரி. வீடு திரும்பினால் பீரோ கூடத்தில் நிற்கிறது. கிறுக்கியும் மருமகளும் சேர்ந்து தள்ளினார்களாம். மருமகள் முகம் ஒரு மாதிரி இருந்தது. இடுப்பு பிடித்திருக்கும்.

மார்ச் 18, செவ்வாய்

பச்சை போய்விட்டது. அறை முழுக்கப் பழைய சந்தன நிறம். வாடகைக் கட்டில் ஒன்றும் வந்து பழைய இடத்தில் நிற்கிறது. எப்படி அச்சாக அதே நிறம் கிடைத்தது என்று கேட்டேன். "கிடைச்சுது பாட்டி" என்றாள். கண் கலங்கியிருந்தது. பெயிண்ட் நெடியாக இருக்கும்.

மார்ச் 20, வியாழன்

படப்பிடிப்பு ஆரம்பம். கேமராக்காரர் ஒருவர், ஒலி பிடிக்க ஒருவர், என் பெண்ணாக நடிக்கிற நடிகை. மூன்று பேர் வந்ததற்கே வீட்டில் மின்விசிறி போடக் கூடாது, குழாயைத் திறக்கக் கூடாது, இருமக் கூடாது. ஒலிக்காரர் காதில் மாட்டிக்கொண்டு, "பாட்டிம்மா, உங்க மூச்சு கேக்குது" என்கிறார். "விட்டுடட்டுமா?" என்றேன்.

நடிகை நல்ல மாதிரி. கண்ணுக்குக் கீழே கறுப்புப் பூசி, தலைமுடியை ஒட்ட வைத்து, பார்த்தால் பாவமாக இருக்கிறது, ஆனால் கை மட்டும் பிஸ்கெட் பொட்டலத்தை விடுவதில்லை. "சாகப்போறவ இவ்வளவு சாப்பிடலாமா, சொல்லுங்கம்மா" என்று என்னிடமே கேட்டுச் சிரித்தாள். பிறகுதான் யார் வீட்டில், யாரிடம் சொல்கிறோம் என்று உறைத்தது போல. பொட்டலத்தைக் கீழே வைத்துவிட்டாள். நானே எடுத்து மறுபடி அவள் கையில் கொடுத்தேன்.

கிறுக்கி குரலை உயர்த்துவதே இல்லை. "இன்னொரு தடவை போகலாமா?" என்பாள், எல்லோரும் போகிறார்கள். அந்த அதிகாரத்தைப் பார்க்க எனக்குப் பெருமை தாங்கவில்லை. ஆனால் நடிகை எழுந்து நடந்தபோது என்னால் நிற்க முடியவில்லை. பின்பக்கம் போய் உட்கார்ந்துவிட்டேன்.

மார்ச் 22, சனி

நாளை படப்பிடிப்புக்கு லீவு. மருமகளின் அக்கா வருகிறாளாம், சினிமா எடுக்கிற அறையைப் பார்க்க. வரட்டும். ஆனால் எனக்கு ஒரு கவலை.

இன்று எல்லோரும் போன பிறகு அறையை எட்டிப் பார்த்தேன். பாத்ரூம் கதவுக்குப் பக்கத்தில், பீரோ இருந்த சுவரில், ஒரு பெரிய கறை. எண்ணெயும் வேர்வையுமாக இடுப்புயரத்துக்கு மேலே திட்டுத் திட்டாக. மற்ற கறை எல்லாம் பரவாயில்லை, இது அசிங்கம். இதைப் பார்க்கிற ஜனங்கள் என்ன நினைப்பார்கள்? நோயாளியை இப்படிக் குப்பையில் போட்டு வைத்திருந்தாள் ஒரு தாய் என்றுதானே? தினமும் இரண்டு வேளை தரையைத் துடைத்தவள் நான். போர்வையில் ஒரு சுருக்கம் இருக்க விடமாட்டேன். டாக்டரே சொன்னார், ஆஸ்பத்திரியை விட உங்க வீடு சுத்தம் என்று. இந்தப் பெண் அதையெல்லாம் மறந்துவிட்டதா?

கேட்கலாம். கேட்டால், "சினிமாவுக்கு அப்படித்தான் பாட்டி" என்பாள்.

மார்ச் 23, ஞாயிறு

கிறுக்கி ஏதோ துணி வாங்கப் போயிருந்தாள். அக்காக்காரி வருவதற்கு முன்னால் சோப்புத்தூள் கலந்து அந்தச் சுவரைத் தேய்த்தேன். லேசில் போகவில்லை. அழுத்தித் தேய்த்ததில் போய்விட்டது. பாட்டு கூட வாயில் வந்தது. மருமகள் குளித்துக்கொண்டிருந்தாள், பாட்டைக் கேட்டு உள்ளேயிருந்தே "என்ன அத்தை, குஷி?" என்றாள்.

வேண்டுமானால் நாளைக் காலை அரை மணியில் போட்டுக்கொள்ளட்டும். கொஞ்சம் கம்மியாக.

மார்ச் 24, திங்கள்

எழுத வரவில்லை.

மார்ச் 25, செவ்வாய்

அது பொய்க் கறை இல்லை.

அன்றைக்குப் பெயிண்ட் அடித்தவன் பீரோவை நகர்த்தச் சோம்பல்பட்டு, அதைச் சுற்றி அடித்துவிட்டுப் போயிருக்கிறான். எனக்குத் தெரியாது. பீரோவைத் தள்ளினபோது பின்னால் பழைய சந்தனச் சுவர் அப்படியே இருந்திருக்கிறது. அதில் என் பெண்ணின் கை. கட்டிலிலிருந்து எழுந்து பாத்ரூம் போகும்போதெல்லாம் அவள் ஊன்றிக்கொண்டு நின்ற இடம். ஒரே இடத்தில் மாதக்கணக்கில் ஊன்றி ஊன்றிப் படிந்த கை.

பார்த்தவர்கள் கிறுக்கியும் மருமகளும். அந்த நிறத்தைப் பார்த்துத்தான் மீதிச் சுவர்களுக்கு நிறம் கலந்திருக்கிறாள். கடைசி நாளில், நடிகை அந்தக் கை மேல் கை வைக்கிற மாதிரி ஒரே ஒரு காட்சி. அதற்காகத் தொடாமல் வைத்திருந்தாளாம். "பாட்டி கிட்ட இப்ப சொல்லாதீங்க அத்தை, அழுவாங்க, படத்துல பார்த்துக்கட்டும்" என்று மருமகளிடம் சொன்னாளாம்.

நேற்றுக் காலை அவள் அறைக்குள் போனாள். நான் டீ எடுத்துக்கொண்டு பின்னாலேயே போனேன். பாராட்டுவாள் என்றா போனேன்? திட்டுவாள், சிரிப்பாள் என்று போனேன்.

சுவரைப் பார்த்தாள். கிட்டப் போய்ப் பார்த்தாள். தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

"எதுல துடைச்சீங்க?"

"சோப்புத்தண்ணி. ஏன்டி, மறுபடி போட்டுக்கலாம்னு..."

"அந்தத் துணி எங்க பாட்டி?"

"அலசிக் காயப்போட்டுட்டேன்."

 மருமகள்தான் வாயைப் பொத்திக்கொண்டு அழுதுகொண்டே என்னிடம் எல்லாவற்றையும் சொன்னாள். நான் டீயோடு நின்றேன். ஆறிப்போகிற வரைக்கும் நின்றேன்.

நானே பெற்றேன். நானே பார்த்துக்கொண்டேன். நானே சோப்புப் போட்டு—

மார்ச் 26, புதன்

படப்பிடிப்பு இல்லை. மகன் அவளிடம், "ஒரு அழுக்குக்காக எங்க அம்மாவை இப்படி நோகடிப்பியா?" என்று சத்தம் போட்டான். "நான் ஒண்ணும் சொல்லலையே மாமா" என்றாள். உண்மைதான். ஒன்றும் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் நன்றாக இருக்கும்.

கேமராக்காரர் நல்லதை நினைத்துச் சொன்னார்: "போன்ல படம் எடுத்து வச்சிருக்கீங்களே. அதைப் பார்த்து வரைஞ்சிடலாம். உங்க கைக்கு அது கஷ்டமா?"

"வரையலாம். வரைஞ்சா அது என் கை" என்றாள்.

நடிகைக்கு வேறு படம் இருக்கிறதாம். சனிக்கிழமைக்கு மேல் இருக்க முடியாது என்கிறாள்.

மார்ச் 27, வியாழன்

அவள் காகிதங்களைச் சுருட்டிக்கொண்டிருந்தாள். கட்டி முடித்தால் போய்விடுவாள். போனால் இந்த வாசலை மறுபடி மிதிக்கமாட்டாள், எனக்குத் தெரியும். பக்கத்தில் உட்கார்ந்து, "திட்டிட்டாவது போடி" என்றேன்.

"என்னன்னு திட்ட? நீங்க சுத்தமா இருக்கணும்னு செஞ்சீங்க."

"அவ கிட்டயே நான் மன்னிப்புக் கேக்கணும். எங்க போய்க் கேக்கறது?"

அவள் சுருட்டுவதை நிறுத்தினாள். என்னை அப்படிப் பார்த்தாள், அறையைப் பார்க்கிற மாதிரி, அளக்கிற மாதிரி. பிறகு எழுந்து போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். மத்தியானச் சாப்பாட்டுக்கும் வரவில்லை.

மாலையில் இரண்டு தாளோடு வந்தாள். கதையை மாற்றிவிட்டாளாம். கடைசியில் ஒரு கிழவி வருகிறாள். சுவரில் இருக்கிற கையைத் துடைக்கிறாள். போகிறாள்.

"யாரு நடிக்கறது?"

தாளை என் மடியில் வைத்தாள்.

"ஊரு உலகத்துக்கெல்லாம் என்னைக் காட்டிக் கொடுக்கப்போறியா? பெத்த பொண்ணு கையை அழிச்சவ இவதான்னு?"

"இல்ல பாட்டி. எனக்கு வேற முடிவு தெரியல. நடந்தது இது. இதை விட்டுட்டு வேற எதை எடுத்தாலும் பொய்யா இருக்கும்."

முடியாது என்று சொல்லிவிட்டேன்.

மார்ச் 28, வெள்ளி

காலையில் வாசலில் அவள் காகிதக் கட்டு இருந்தது. பக்கத்தில் துணிப் பை.

"சரி, நடிக்கறேன்" என்றேன். அவள் பையை உள்ளே எடுத்து வைத்தாள்.

போனில் இருந்த படத்தைப் பார்த்துப் பார்த்து அந்தக் கையை மறுபடி சுவரில் கொண்டுவந்தாள். நான் நாற்காலி போட்டுப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன். பஞ்சாலும் சுண்டு விரலாலும் உள்ளங்கையாலும் ஒற்றி, மூச்சை அடக்கிக்கொண்டு செய்தாள். முடித்துவிட்டு, "சரியா பாட்டி?" என்று கேட்டாள்.

"சரி" என்றேன்.

எனக்கு எப்படித் தெரியும்? துடைத்தவள் நான். அன்றைக்கு அது ஒரு கை என்று கூட நான் பார்க்கவில்லை.

மார்ச் 29, சனி

எடுத்தாகிவிட்டது. நடந்தபடி எழுதி வைக்கிறேன்.

முதல் தடவை துணியைச் சுவரில் வைத்ததும் அந்த விரல்களைத் தொடாமல் சுற்றியே துடைத்தேன். "பாட்டி, உங்களுக்குத் தெரியும்கிறது முகத்துல தெரியுது. தெரியாம துடைக்கணும். அன்னைக்கு மாதிரி" என்றாள். இரண்டாவது தடவை அழுதுவிட்டேன். மறுபடி அந்தக் கையை வரைந்தாள். ஒலிக்காரர் காதில் மாட்டியதைக் கழற்றிவிட்டு வெளியே போய் நின்றார். மூன்றாவது தடவையும் சரியாக வரவில்லை. மறுபடி வரைந்தாள்.

தெரிந்த பிறகு தெரியாத மாதிரி எப்படித் துடைப்பது? யாராவது சொல்லிக் கொடுங்களேன்.

கிறுக்கி பக்கத்தில் வந்து மண்டியிட்டாள். "அம்மா இருந்தப்ப இந்த ரூமைத் துடைப்பீங்களே, அப்ப என்ன சொல்லுவீங்க?"

"என்ன சொல்லுவேன்... தரை ஈரமா இருக்கு, இறங்காதேன்னு சொல்லுவேன். ஜன்னலைத் திறந்தா குளிருதான்னு கேப்பேன். போர்வையை உதைக்காதேம்பேன்."

"அதைச் சொல்லிக்கிட்டே துடைங்க. அம்மா பின்னாடி கட்டில்ல இருக்காங்க."

நடிகை கட்டிலில் படுத்தாள். நான் சுவரைப் பார்த்து நின்றேன். "ஆரம்பிக்கலாம்" என்றாள்.

துடைத்தேன். தரை ஈரமா இருக்கு, இறங்காதேம்மா என்றேன். இந்த மூலையில எப்பப் பார்த்தாலும் அழுக்கு, என்ன சுவரோ என்றேன். கஞ்சி ஆறிடும், எழுந்து ரெண்டு வாய் குடி என்றேன். பின்னால் போர்வை நகர்கிற சத்தம் கேட்டது. உடம்பு லேசாகிவிட்டது எனக்கு. அவள் இருக்கிறாள், நான் வேலை செய்கிறேன், கஞ்சி ஆறிக்கொண்டிருக்கிறது. அவ்வளவுதான். கறை போயே போய்விட்டது. துணியைப் பிழிந்துகொண்டு, "இப்பப் பாரு, எப்படி இருக்கு" என்று திரும்பினேன்.

நடிகை உட்கார்ந்திருந்தாள். கண்ணுக்குக் கீழே பூசியிருந்த கறுப்பெல்லாம் கரைந்து வழிந்திருந்தது.

"போதும்" என்று கிறுக்கி சொன்னாள். என்னிடம் வருவாள் என்று நினைத்தேன். வரவில்லை. பின்பக்கம் போய்க் குழாயைத் திறந்துவிட்டாள். தண்ணீர் போய்க்கொண்டே இருந்தது.

ஏப்ரல் 2, புதன்

கிளம்பிவிட்டாள். படத்தை வெட்டி ஒட்டுகிற வேலை இருக்கிறதாம். "ரூமுக்கு என்ன நிறம் அடிக்கட்டும்?" என்று கேட்டேன். "உங்களுக்குப் பிடிச்சதை அடிங்க பாட்டி" என்றாள். பஸ் ஏறுகிறவரை என் கையைப் பிடித்திருந்தாள். ஏறின பிறகு திரும்பிப் பார்க்கவில்லை. கூட்டம் அதிகம்.

மே 11, ஞாயிறு

போன் வந்தது. சாப்பிட்டீர்களா, மருந்து விட்டீர்களா. நானும் சாப்பிட்டாயா என்றேன். வைத்துவிட்டாள்.

ஜூலை 6, ஞாயிறு

போன் இல்லை.

ஆகஸ்ட் 19, செவ்வாய்

மகனிடம் பேசியிருக்கிறாள். என்னைக் கேட்டாளாம். பக்கத்திலேயேதானே நான் இருந்தேன்? "ஏன்டா எங்கிட்ட கொடுக்கலை?" என்றால், "அவசரமா வச்சிட்டாம்மா" என்கிறான். பொய் சொன்னால் அவனுக்குக் காது சிவக்கும், சின்ன வயதிலிருந்தே.

நவம்பர் 15, சனி

படம் முடிந்து எங்கெங்கோ போகிறதாம். ஒரு இடத்தில் பரிசும் கொடுத்திருக்கிறார்கள். மகன் டிவியில் போட்டுக் காட்டினான்.

அந்த அம்மா நடக்கிறாள். திரும்பி வருகிறாள். மறுபடி நடக்கிறாள். நடுவில் மருமகள் தண்ணீர் கொடுத்தாள். பிறகு கட்டில் காலியாக இருக்கிறது. கிழவி வருகிறாள். ஆளே இல்லாத கட்டிலோடு பேசிக்கொண்டே துடைக்கிறாள். நடிகையைக் காட்டவே இல்லை. நான் யாரோடு பேசினேன் என்பது படம் பார்க்கிறவர்களுக்குத் தெரியாது. எனக்கும் கிறுக்கிக்கும் அந்த நடிகைக்கும் தெரியும்.

தெரியாமல் செய்கிறவளின் முகம் எவ்வளவு நிம்மதியாக இருக்கிறது! நானா அது? கடைசியில் சுவரில் ஈரம் மட்டும். அது காய்கிற வரைக்கும் காட்டுகிறாள். "டிவி நின்னு போச்சோன்னு பார்த்தேன் அத்தை" என்றாள் மருமகள், மூக்கை உறிஞ்சிக்கொண்டே.

யாரும் அந்தக் கிழவியைத் திட்டமாட்டார்கள். அப்படி எடுத்திருக்கிறாள். அதுதான் எனக்குத் தாங்கவில்லை.

நவம்பர் 16, ஞாயிறு

நானே போன் போடச் சொன்னேன். "படம் பார்த்தேன்டி" என்றேன்.

"ம்" என்றாள்.

"கோபமா?"

"இல்ல பாட்டி. சத்தியமா இல்ல."

"பின்னே ஏன் வரமாட்டேங்கறே?"

"வந்தா அந்தச் சுவரைத்தான் பார்ப்பேன் பாட்டி. அப்புறம் உங்களைப் பார்ப்பேன். ரெண்டையும் சேர்த்துப் பார்க்க இப்ப முடியல" என்றாள்.

"எப்ப முடியும்?"

"தெரியல."

பெரிய படிப்பு படித்தவள், பரிசு வாங்கினவள், தெரியவில்லை என்கிறாள்.  உடம்பைப் பார்த்துக்கொள் என்றேன்.

ஜனவரி 25, ஞாயிறு

பத்திரிகையில் கிறுக்கியைப் பற்றி அரைப் பக்கம் போட்டிருக்கிறார்கள். வடிவமைப்பு, எழுத்து, இயக்கம் மூன்றும் ஒரே ஆள் என்று ஆச்சரியப்பட்டு எழுதியிருக்கிறார்கள். மகன் வாசித்தான். நான் படத்தை மட்டும் பார்த்தேன். காலேஜில் எடுத்தது, கன்னம் உப்பி, இரட்டைப் பின்னலோடு. "இது பழசும்மா. போன வாரம் நான் பார்த்தப்ப முடியை ஒட்ட வெட்டியிருந்தா. ரொம்ப இளைச்சிட்டா. காதோரம் நரை கூட வந்திருக்கு" என்றான். போன வாரம் பார்த்தானாம். என்னிடம் சொல்லவே இல்லை.

முப்பத்தொன்று ஆகிறது அவளுக்கு. அதற்குள் நரையா? அவள் முகம் எனக்குத் தெரியாமலே மாறிக்கொண்டிருக்கிறது. நான் வைத்திருப்பது வேறு யாரோ சின்னப் பெண்ணுடைய முகம்.

போன் போடச் சொன்னேன். வா என்று கேட்கவில்லை. "புதுசா ஒரு போட்டோ எடுத்து அனுப்புடி" என்றேன்.

"எதுக்கு பாட்டி? பத்திரிகையில வந்திருக்கே."

"அது பழசு. இப்ப எப்படி இருக்கியோ அப்படி வேணும். சிரிக்க வேண்டாம், பொட்டிக் கேமரா முன்னாடி ஸ்டைலா நிக்க வேண்டாம். முடி வெட்டியிருந்தா வெட்டின மாதிரியே இருக்கட்டும். நான் இன்னும் உன்னைச் சரியாப் பார்க்கலை."

  அந்தப் பக்கம் மூக்கை உறிஞ்சுகிற சத்தம்.

"மாமா போனுக்கு அனுப்பறேன்."

"அதுல வேண்டாம். விரல் பட்டா ஓடிப்போகுது. காகிதத்துல போட்டு, உறையில வச்சு, தபால்ல அனுப்பு."

"பாட்டி, இங்க தபால் பெட்டி எங்க இருக்குன்னே எனக்குத் தெரியாது."

"தேடு" என்றேன்.

"சரி, தேடறேன்" என்றாள்.